வடிகட்டியில் தங்கியவை

1

நம் எழுத்தில் சிறு ஜீவன்களுக்குப் பெயர் கிடையாது. குறிஞ்சிப்பாட்டில் அடுக்கப்பட்ட பூக்களைப் பற்றிப் பெருமையோடு பேசுகிற நாம், வீட்டுக் கிணற்று நீரில் என்ன இருக்கிறது என்று கேட்டுக்கொண்டதில்லை. புழு, பூச்சி என்ற இரண்டு சொற்களில் காரியம் முடிந்துவிடுகிறது. இந்த இரண்டு சொற்களும் கவிதையில் வரும்போது பெரும்பாலும் வேறொன்றுக்காகவே வருகின்றன: மனிதனின் அற்பத்தனம், உடலின் அழிவு, பிறவிகளின் வரிசை. புழு புழுவாகவே வந்த கவிதைகளை எண்ணிப் பார்த்தால் விரல்கள் மிஞ்சும்.

இங்கே பேச எடுத்துக்கொண்டது நிலத்தடி நீரில் வாழும் மிகச் சிறிய ஓட்டுடலிகளுக்கு விஞ்ஞானப் பெயர் வந்த வரலாறு. இறாலுக்கும் நண்டுக்கும் தூரத்து உறவான ஜீவன்கள் இவை. பல இனங்கள் அரை மில்லிமீட்டர் நீளம்கூட இல்லை. நிறமில்லை, கண்ணில்லை. உடம்பு ஒடுங்கி நீண்டது. மணல் துகளை நகர்த்தாமல், துகளுக்கும் துகளுக்கும் இடையில் தேங்கிய நீரில் ஊர்ந்து போவதற்கு வேண்டிய அளவு மட்டுமே பருமன். வெளிச்சம் வராத இடத்தில், உணவு குறைவான இடத்தில், வெள்ளமும் வறட்சியும் மேலே நடந்துகொண்டிருக்க, கீழே கோடிக்கணக்கான ஆண்டுகளாக இவை இருந்து வருகின்றன.

இதைப் புதுக்கோட்டையில் வைத்துப் பேசக் காரணம் உண்டு. ஒரு பக்கம் கோனாடு, மறுபக்கம் கானாடு என்று பழைய நாட்டுப் பிரிவுக்கே எல்லையாக இருந்த வெள்ளாறு வருஷத்தில் பெரும்பகுதி வெறும் மணலாகத்தான் கிடக்கும். ஆற்றில் நீர் இல்லை என்று சொல்வது கண்ணை மட்டும் நம்புகிறவன் பேச்சு. நீர் மணலுக்குள் இருக்கிறது. மணலில் ஊற்றுத் தோண்டி, கலங்கல் தெளியும்வரை காத்திருந்து, கொட்டாங்கச்சியால் மொண்டு, குடத்தின் வாயில் துணியைப் போட்டு ஊற்றிக்கொண்டு போவது இந்தப் பக்கத்துப் பெண்கள் தலைமுறை தலைமுறையாகச் செய்த வேலை. வள்ளுவர் கல்விக்கு உவமையாக எடுத்துக்கொண்ட மணற்கேணி இதுதான்.

1935இல் மாசிடோனியாவின் ஸ்கோப்யே நகரத்து விலங்கியலாளர் ஸ்டாங்கோ கராமான் ஆற்றோர மணலில் குழி தோண்டினார். ஊறி வந்த நீரை நுண்ணிய வலையில் வடிகட்டினார். வலையில் தங்கியதை நுண்ணோக்கியில் பார்த்தார். 1942இல் ஷாப்புயீ என்ற ஸ்விட்சர்லாந்துக்காரர் இதே வழியை விரிவாக எழுதினார். இன்று உலகம் முழுதும் இதற்குக் கராமான்-ஷாப்புயீ முறை என்று பெயர். வெள்ளாற்று மணலில் தோண்டியவளுக்கும் கராமானுக்கும் கருவியில் அதிக வித்தியாசமில்லை. அவள் துணியைத் தாண்டி வந்த நீரை எடுத்துக்கொண்டாள். அவர் துணியில் தங்கியதை எடுத்துக்கொண்டார். வரலாறு இந்த இடத்தில்தான் பிரிகிறது.

துணியில் தங்கியதை மனிதர்கள் மூன்று விதமாகப் பார்த்திருக்கிறார்கள். மூன்றையும் வரிசையாகச் சொல்லலாம்.

2

முதல் துணி சமணர்களுடையது. புதுக்கோட்டைக்கு அருகே சித்தன்னவாசல் குன்றில் ஏழடிப்பட்டம் என்கிற இயற்கைக் குகைத்தளத்தில் வழுவழுப்பாக்கிய கற்படுக்கைகள் இருக்கின்றன. ஒரு படுக்கையைச் சுற்றிய தமிழ் பிராமி எழுத்து ஏறத்தாழ கி.மு. முதல் நூற்றாண்டைச் சேர்ந்தது என்பார்கள். அங்கே படுத்தவர்களின் மரபில் நீரைத் துணியில் வடிகட்டாமல் பயன்படுத்துவது பாவம். வடிகட்டியதோடு விஷயம் முடிவதில்லை. துணியில் தங்கியதை, எந்தக் கிணற்றிலிருந்து நீரை எடுத்தோமோ அந்தக் கிணற்றிலேயே திரும்பச் சேர்க்க வேண்டும். வேறு நீரில் விட்டால் அந்த ஜீவன் சாகலாம். கண்ணுக்குத் தெரியாத ஒன்றுக்கு ஊர் உண்டு, அது தன் ஊருக்குத்தான் திரும்ப வேண்டும் என்ற இந்த எண்ணத்தின் நுட்பம் என்னை வியக்க வைக்கிறது. நிலத்தடி ஓட்டுடலிகள் பெரும்பாலும் ஒரு ஆற்றுப்படுகை, ஒரு குகை, சில கிணறுகள் என்ற எல்லையைத் தாண்டாதவை என்பதை விலங்கியல் கண்டுபிடிக்க இருபதாம் நூற்றாண்டு வேண்டியிருந்தது.

சமணர்கள் உயிர்களைப் புலன்களின் எண்ணிக்கையால் பிரித்தார்கள். தொல்காப்பிய மரபியலும் அதே ஏணியை வைக்கிறது: தொடுபுலன், நாக்கு, மூக்கு, கண், செவி, மனம். அதில் சிதலுக்கும் எறும்புக்கும் மூன்றறிவு. நண்டுக்கும் தும்பிக்கும் நான்கறிவு. நண்டுக்குக் கண் உண்டு என்பதால். நண்டின் வம்சத்தில் பிறந்து, இருட்டுக்குள் போய், கண்ணை இழந்துவிட்ட ஜீவனை இந்த ஏணியில் எங்கே வைப்பது? மூன்றாம் படிக்கு இறக்க வேண்டும். ஒரு வம்சமே படி இறங்க முடியும் என்று தொல்காப்பியர் நினைத்துப் பார்த்திருக்க மாட்டார். அந்த ஏணியில் ஒவ்வொரு உயிரும் தன் படியில் நின்றபடி நிற்கிறது. டார்வினுக்குப் பிறகு வந்த விலங்கியலில் ஏணி இல்லை, கிளைகள்தான். கண்ணை இழந்தது தாழ்ந்ததும் இல்லை. கண் செலவு, இருட்டில் வேண்டாத செலவு.

சித்தன்னவாசல் குகைக் கோயில் விதானத்தில் 9ஆம் நூற்றாண்டுக் கலைஞன் தீட்டிய தாமரைக் குளத்தில் மீனும் அன்னமும் எருமையும் யானையும் இருக்கின்றன. ஒரு குளத்தில் எத்தனை உயிர் உண்டு என்று சொல்ல வந்த ஓவியம் அது. அவனுடைய கண் எட்டிய மட்டும் எழுதினான். எட்டாததைப் பற்றி அவன் மதம் அவனுக்குச் சொல்லியிருந்தது, உருவம் மட்டும் சொல்லவில்லை. சமணத் துணி உயிரைக் காப்பாற்றியது, உற்றுப் பார்க்கவில்லை. பெயரும் தரவில்லை. கருணைக்குப் பெயர் தேவைப்படவில்லை என்று வைத்துக்கொள்ளலாம்.

3

இரண்டாவது துணி பயத்தின் துணி.

நரம்புச் சிலந்தி என்ற வியாதியை இன்றைய வாசகர்களில் பெரும்பாலோர் பார்த்திருக்க மாட்டார்கள். காலில் கொப்புளம் வெடித்து, அதிலிருந்து முழ நீளத்துக்கும் மேலான வெள்ளைப் புழு நாள் கணக்கில் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே வரும். குச்சியில் சுற்றிச் சுற்றி எடுப்பார்கள். அறுந்தால் ஆபத்து. அந்தப் புழு மனிதனுக்குள் எப்படி நுழைகிறது என்பது 1870 வாக்கில்தான் தெரிந்தது. ருஷ்ய இயற்கையியலாளர் அலெக்ஸி ஃபெட்சென்கோ துருக்கிஸ்தானத்தில் ஆராய்ந்தபோது, புழுவின் இளங்குஞ்சுகள் நீரிலுள்ள ஒரு சிறு ஓட்டுடலியின் உடலுக்குள் போய் வளர்வதைக் கண்டார். அந்த ஓட்டுடலியை நீரோடு விழுங்குகிறவனுக்கு வியாதி வருகிறது. ஓட்டுடலியின் பெயர் சைக்ளாப்ஸ்.

டென்மார்க்கின் ஓ.எஃப். முல்லர் 1785இல் வைத்த பெயர் அது. கிரேக்கப் புராணத்தில் வரும் ஒற்றைக்கண் அரக்கன். ஒரு மில்லிமீட்டர் அளவுள்ள, தலை நடுவில் ஒரே கண்ணுடைய ஜீவனுக்கு அரக்கன் பெயரை வைத்ததில் ஒரு விளையாட்டு இருக்கிறது. நூறு வருஷம் கழித்து அந்த விளையாட்டு நிஜமாயிற்று. புராணத்து அரக்கன் மனிதர்களைப் பிடித்துத் தின்றான். இதையோ மனிதர்கள் தெரியாமல் விழுங்கிவிட்டுத் தாங்கள் தின்னப்பட்டார்கள்.

படி இறங்கிக் காலை நனைத்து மொள்ளுகிற குளமும் படிக்கிணறும்தான் இந்த வியாதியின் வீடு. புண்ணுள்ள கால் நீரில் படும்போது புழு குஞ்சுகளை விடும். அதே நீரைத்தான் ஊர் குடிக்கும். 1983-84இல் தொடங்கிய தேசிய ஒழிப்புத் திட்டத்தில் வியாதி கண்ட ஏழு மாநிலங்களில் தமிழ்நாடும் ஒன்று. படிக்கிணறுகளை இறைகிணறுகளாக மாற்றினார்கள், அடிகுழாய் போட்டார்கள், மருந்து தெளித்தார்கள், நீரை இரண்டு மடிப்புத் துணியில் வடிகட்டிக் குடிக்கச் சொன்னார்கள். இந்தியாவின் கடைசி நோயாளி 1996 ஜூலையில், ராஜஸ்தானில். 2000 பிப்ரவரியில் உலக சுகாதார நிறுவனம் நாட்டுக்குச் சான்று கொடுத்தது.

சமணத் துணியும் சுகாதார ஊழியரின் துணியும் பார்வைக்கு ஒன்றே. ஒன்று உயிரை நம்மிடமிருந்து காத்தது. மற்றது நம்மை உயிரிடமிருந்து காத்தது. சுகாதாரத் துணி சாதித்ததை ஒருபோதும் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஒரு பெரிய துன்பம் தேசத்திலிருந்தே போய்விட்டது. ஆனால் அந்தப் பிரச்சாரத்தின் மிச்சமாக ஒரு மனோபாவம் நம்மிடம் தங்கிவிட்டது. நீரில் அசைகிறது என்றால் அது அழுக்கு. சைக்ளாப்ஸின் எண்ணற்ற உறவுகளில் வியாதி பரப்புகிறவை சில இனங்கள்தான் என்பதோ, மணலுக்குள் வாழும் கண்ணில்லாத உறவுகளுக்கும் நரம்புச் சிலந்திக்கும் சம்பந்தமில்லை என்பதோ யாருக்கும் வேண்டியிருக்கவில்லை. பயத்துக்கு ஒரு பெயர் போதும்.

4

மூன்றாவது துணி பெயர் வைக்கிறவனுடைய வலை. இதன் வரலாறு ஒரு கிணற்றில் தொடங்குகிறது.

1882இல் செக் விலங்கியலாளர் ஃப்ரான்டிஷெக் வெய்டோவ்ஸ்கி ப்ராக் நகரத்துக் கிணறுகளின் ஜீவராசிகளைப் பற்றி ஒரு நூல் வெளியிட்டார். அதில் ஒரு புதிய ஜீவன். கிடைத்தவை இரண்டே இரண்டு. பாத்தினெல்லா நாடன்ஸ் என்று பெயரிட்டார். பாத்திஸ் என்றால் ஆழம். எல்லா என்பது லத்தீனில் செல்லமாகச் சிறிதாக்கும் பெண்பால் விகுதி. ஆழத்துச் சிறுக்கி என்று தமிழில் சொன்னால் தவறில்லை. 1899இல் கால்மன் என்ற பிரிட்டிஷ் ஆராய்ச்சியாளர் மிச்சமிருந்த கண்ணாடித் தகட்டை ஆராய்ந்து, இது டாஸ்மேனியாவின் மலைக்குளத்தில் அப்போது கண்டெடுத்திருந்த பழங்கால வடிவமுள்ள ஓட்டுடலிக்கு உறவு என்றார். அந்தக் கூட்டம் அதுவரை முக்கியமாகப் புதைபடிவங்களில் அறியப்பட்டது. நிலக்கரிக் காலத்துக் கல்லில் இருந்தவற்றின் சொந்தம் ப்ராக் நகரத்தார் குடித்துக்கொண்டிருந்த நீரில் உயிரோடு இருந்திருக்கிறது. பிறகு முப்பது ஆண்டுகளுக்கு மேல் யாரும் அதை மறுபடி பார்க்கவில்லை. ஷாப்புயீ பாஸெல் நகரத்துக் கிணற்றில் கண்டு 1915இல் எழுதும்வரை, ஓர் இனம் முழுவதும் உலகத்தின் அறிவில் ஒரு கண்ணாடித் தகடாகத்தான் இருந்தது.

நம் நாட்டில் கதை சில்லறை சில்லறையாக வருகிறது. 1923இல் வங்காளத்துச் சுரங்கம் ஒன்றிலிருந்து வந்த குருட்டு ஓட்டுடலியை நியூஸிலாந்தின் சார்ல்ஸ் சில்டன் விவரித்தார். அவர் இளைஞராக இருந்தபோதே தன் நாட்டுக் கிணறுகளில் இப்படிப்பட்டவற்றைத் தேடியவர். 1883இல் அவர் வைத்த ஒரு பேரினப் பெயர் ஃப்ரியாட்டோய்க்கஸ்: கிரேக்கத்தில் கிணறு, வீடு என்ற இரண்டு சொற்களின் சேர்க்கை. கிணற்றை வீடாகக் கொண்டது. இந்தக் கூட்டத்தின் உறவுகள் ஆஸ்திரேலியா, நியூஸிலாந்து, தென்னாப்பிரிக்கா என்று தென்கோளத்தில் சிதறிக் கிடந்தன. 1942இல் யுத்த பயத்தால் கல்கத்தாவின் விலங்கியல் ஆய்வகம் காசிக்குக் குடிபோயிற்று. அடுத்த ஆண்டே வருணா நதியின் வெள்ளம் புகுந்து சேகரிப்புகளில் ஒரு பகுதியைக் கெடுத்தது. அந்தக் காசியின் கிணறுகளிலிருந்துதான் ஃப்ரியாட்டோய்க்கஸின் இந்திய உறவை சோப்ராவும் திவாரியும் 1950இல் வெளியிட்டார்கள்: நிக்கல்ஸியா காசியென்ஸே. முன்பாதி மேற்கு ஆஸ்திரேலியாவில் இருந்து இக்கூட்டத்தை ஆராய்ந்த நிக்கல்ஸ் என்ற பேராசிரியருக்கு மரியாதை. பின்பாதி காசி. மோட்சத்துக்காக மனிதர்கள் போய்ச் சேரும் ஊரின் கிணற்றுக்குள், கோண்ட்வானா என்ற பழைய கண்டம் உடைந்த நாளிலிருந்து எங்கும் போகாமல் ஒன்று இருந்திருக்கிறது. அதே 1950இல் கோட்டயத்துக் கிணறுகளிலிருந்து கண்ணில்லாத ஒரு சிறு கெளுத்தியும் பெயர் பெற்றது. பேரினம் ஹோராக்ளானிஸ், இந்திய மீனியலின் தலைமகனான ஹோராவின் பெயரால்.

1962இல் ஸ்வீடனின் லுண்ட் பல்கலைக்கழகத்திலிருந்து ஒரு குழு இலங்கைக்கு வந்து சேகரித்துச் சென்றது. அந்தச் சேகரிப்பில் பாராஸ்டெனோகாரிஸ் என்ற, மணல் துகள்களுக்கிடையே வாழும் துடுப்புக்காலிகளும் இருந்தன. ஸ்டெனோஸ் என்றால் ஒடுங்கியது, காரிஸ் என்றால் இறால்: ஒடுங்கிய இறாலுக்கு அடுத்தது. 1970இல் எங்கெல் என்பவர் இலங்கை இனங்களை விவரித்தார். ஒன்றின் பெயர் கர்விஸ்பைனஸ், வளைமுள். நமக்கு இதில் ஆச்சரியம் இருக்க வேண்டியதில்லை. பெயர் தெரியாத சங்கப் புலவனை அவன் பாட்டில் வந்த ஒரு தொடரைக் கொண்டே செம்புலப்பெயல்நீரார் என்று அழைத்த மரபு நம்முடையது. அங்கே ஒரு தொடர். இங்கே ஒரு முள். ஆளைப் பற்றி வேறெதுவும் தெரியாத நிலையில், அவனிடம் மட்டும் இருக்கிற ஒன்று பெயராகிறது.

இந்தியாவில் இந்தக் குடும்பம் முதன்முதலாக அச்சேறியது 2001இல்தான். நாகார்ஜுனா பல்கலைக்கழக விலங்கியலாளர் ஒய். ரங்கா ரெட்டி விஜயவாடாவில் கிருஷ்ணா நதியின் மணலிலிருந்து மூன்று புதிய இனங்களை விவரித்தார். காயத்ரி, சவிதா, சந்தியா. ஒரு சந்தஸ், ஒரு சூரியன், ஒரு அந்திப் பொழுது. நதியில் இறங்கி நின்று கைநிறைய நீரை எடுத்து விடுகிற அந்திக் கடனின் சொற்களாக மூன்றும் எனக்குப் படுகின்றன. சூரியனை நோக்கிய மந்திரத்தின் சொற்கள், சூரியனையே அறியாத ஜீவன்களின் மேல் போய் உட்கார்ந்திருக்கின்றன. 2007இல் இலங்கையின் வளைமுள் இந்திய ஆற்று மணலிலும் இருப்பதை அவரும் பாரிஸின் தானியேல் தெஃபாயும் எழுதினார்கள். கூடவே மகாநதி என்ற பெயரில் இன்னொரு புதிய இனம்.

2002இல் பாத்தினெல்லாவின் வம்சமும் இந்தியாவில் அகப்பட்டது. ஹாப்ரோபாத்தினெல்லா நாகார்ஜுனாய். இந்தப் பேரினம் அதுவரை மடகாஸ்கரில் மட்டும் தெரிந்திருந்தது. இந்தியாவும் மடகாஸ்கரும் பிரிந்து ஏறக்குறைய 9 கோடி ஆண்டுகள் ஆகின்றன. கடலைத் தாண்ட முடியாத, முட்டை சிதறிப் பரவாத ஒரு ஜீவன் இரண்டு கரையிலும் இருக்கிறது என்றால், கரைகள்தான் நகர்ந்திருக்க வேண்டும். பல்கலைக்கழகத்துக்கும் உயிருக்கும் ஒரே பெயர். இரண்டுக்கும் பின்னால் சூன்யவாதம் பேசிய பௌத்த ஆசான். நீருக்கடியில் நாகலோகம் போய் மறைந்திருந்த சூத்திரங்களை மீட்டு வந்தவர் என்று நாகார்ஜுனரைப் பற்றி ஐதிகம். பொருள்களுக்குத் தன்னியல்பு கிடையாது, பெயர் என்பது ஒன்றையொன்று சார்ந்து நிற்பவற்றின் மேல் நாம் இடுகிற குறி என்று வாதித்தவரும் அவரே. அவர் பெயரையே ஒரு குறியாக எடுத்து நீருக்கடியில் இருக்கும் ஒன்றின் மேல் இட்டிருக்கிறார்கள். 2011இல் ஆந்திர நிலத்தடி நீரிலிருந்து ரங்கா ரெட்டியும் ஆஸ்திரேலியாவின் வில்ஸனும் வெளியிட்ட, காசிக் கிணற்று ஜீவனின் உறவுக்கு ஆந்த்ராகாய்டெஸ் ஷாபுத்தீன் என்று பெயர். லத்தீன் எழுத்துக்குள் ஆந்திரமும் ஒரு முஸ்லிம் பெயரும். சந்தியாவந்தனச் சொல்லும் சூன்யவாதியும் ஷாபுத்தீனும் ஒரே பட்டியலில் சண்டையில்லாமல் இருப்பது மணலுக்குள் மட்டும்தான் சாத்தியமோ என்னவோ.

5

பெயர் வைப்பது எப்படி நடக்கிறது என்பதையும் சொல்ல வேண்டும். பிடித்ததை மெழுகில் பதித்த மணிபோல வைத்துவிட முடியாது. அதைக் கொன்று, நுண்ணோக்கியின் கீழ் மிக மெல்லிய ஊசியால் ஒவ்வொரு காலாகப் பிரித்து, கண்ணாடித் தகடுகளில் பதித்து, ஒவ்வொரு மயிரையும் முள்ளையும் எண்ணி வரைய வேண்டும். பாராஸ்டெனோகாரிஸில் இனத்தைத் தீர்மானிப்பது பெரும்பாலும் ஆணின் மூன்றாம், நான்காம் கால்களின் அமைப்பு. வரைந்தபின் ஒரு உடலை மூலமாதிரி என்று குறித்து அருங்காட்சியகத்தில் வைக்கிறார்கள். பெயர் அந்த ஒரு உடலோடு கட்டப்பட்டிருக்கிறது. மற்றவை அதை ஒத்திருப்பதால் அந்தப் பெயரைப் பெறுகின்றன. பெயருக்குப் பின்னால் பெயர் வைத்தவரும் ஆண்டும். முதலில் அச்சான பெயரே செல்லும் என்பது சட்டம்.

சமணன் துணியில் தங்கியதைத் திரும்ப விட்டான். இவர் திரும்ப விடுவதில்லை. இந்த வித்தியாசத்தை மழுப்பிவிட்டு விஞ்ஞானத்தைக் கருணையின் தொடர்ச்சியாகக் காட்டுகிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. பெயருக்கு விலை உண்டு. ஆனால் விலை கொடுத்து வாங்கியது என்ன என்றும் பார்க்க வேண்டும்.

நன்னூலார் பெயர்களை இடுகுறி, காரணம் என்று பிரித்தார். வளைமுள் காரணப் பெயர், காயத்ரி இடுகுறி. ஆனால் விலங்கியல் பெயர்ச் சட்டத்தில் ஒரு விதி: பெயர் பொருந்தவில்லை என்ற காரணத்துக்காக அதைத் தள்ள முடியாது. பிறகு வளைமுள்ளைவிட முள் வளைந்த இருபது இனங்கள் அகப்பட்டாலும் வளைமுள் வளைமுள்ளாகவே இருக்கும். காரணப் பெயராகப் பிறப்பது வைத்த மறுநாளே இடுகுறியாகிவிடுகிறது. எல்லாச் சொல்லும் பொருள் குறிப்பவை. ஆனால் அந்தப் பொருளுக்கு அந்தச் சொல் வந்த காரணம் வெளிப்படத் தோன்றாது என்ற கருத்தில் தொல்காப்பியரும் இதைத்தான் சொல்கிறார். கவிதை எழுதுகிறவர்கள் யோசிக்க வேண்டிய இடம் இது. வர்ணனை ஒரு நாள் பொய்க்கும். குறி நிற்கும், குறிக்கப்பட்டது ஓர் இடத்தில் பத்திரமாக இருக்கும்வரை.

தமிழில் என்ன செய்யலாம்? நம்மவர்கள் உடனே கலைச்சொல் அகராதியை எடுப்பார்கள். கோப்பிபோடா என்பதற்குத் துடுப்புக்காலி என்று வைத்தது நல்ல காரியம். கிரேக்கத்திலும் அதற்கு அதே பொருள். கூட்டத்துக்கு, குடும்பத்துக்குத் தமிழ்ப் பெயர் வேண்டும். அது பேச்சுக்கு உதவும். ஆனால் பாராஸ்டெனோகாரிஸ் காயத்ரிக்குத் தமிழ் கண்டுபிடிப்பது வீண் வேலை. அது மொழிபெயர்க்க வேண்டிய சொல்லல்ல, விலாசம். விலாசத்தை மொழிபெயர்த்தால் கடிதம் போய்ச் சேராது.

கேட்க வேண்டிய கேள்வி வேறு. இந்தப் பட்டியலில் கிருஷ்ணா இருக்கிறது, மகாநதி இருக்கிறது, காசி இருக்கிறது, இலங்கை இருக்கிறது. நான் மேலே அடுக்கிய பெயர்களில் ஒன்றுகூட வெள்ளாற்று மணலிலிருந்து வந்ததில்லை. பெயர்ச் சட்டம் எந்த மொழிச் சொல்லையும் ஏற்கும்; லத்தீன் எழுத்தில் எழுதியிருக்க வேண்டும் என்பது மட்டுமே நிபந்தனை. ஊருணி என்ற சொல்லையோ, கேணி என்ற சொல்லையோ, கோனாடு என்ற சொல்லையோ அது வேண்டாம் என்று சொல்லாது. தமிழ்க் கடற்கரை ஓட்டுடலிப் பெயரில் ஏறி இருநூறு வருஷத்துக்கு மேலாகிறது: சேற்று நண்டு ஒன்றுக்கு 1798இல் ஃபாப்ரிஷியஸ் என்ற டேனிஷ் அறிஞர் வைத்த டிராங்க்விபாரிக்கா என்ற பெயரில் இருப்பது தரங்கம்பாடி. வந்தவன் வாயில் சிதைந்து, லத்தீன் விகுதி மாட்டிக்கொண்ட தரங்கம்பாடி. அதை வைத்தவனும் தமிழனில்லை, கேட்டு எழுதியவனும் தமிழனில்லை. 1910இல் சமஸ்தானத்தார் ஆரம்பித்த அருங்காட்சியகம் புதுக்கோட்டையில் இருக்கிறது; அதில் விலங்கியலுக்கும் இடம் உண்டு. வலைக்கான செலவோ ஒரு துணிக்கான செலவுதான். குறைவது சிரத்தை.

நாம் கேட்டுக்கொள்வதற்குள் மணல் போய்க்கொண்டிருக்கிறது. இதைப் புலம்பலாகச் சொல்லவில்லை, கணக்காகச் சொல்கிறேன். மணலுக்குள் வாழ்கிற ஜீவனுக்கு மணல்தான் நாடு. துகளுக்கிடையிலுள்ள வெளிதான் அதன் தெரு. லாரியில் ஏறுவது மணல் மட்டுமல்ல என்று ஆற்றைப் பற்றிக் கவிதை எழுதுகிறவர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். ஆழ்துளைக் கிணறுகளால் நீர்மட்டம் இறங்கும்போது, கூடவே இறங்கத் தெரிந்தவை இறங்கும். பாறை வந்ததும் நின்றுவிடும். காவிரியிலிருந்து கூட்டுக் குடிநீர்க் குழாய் வந்தபின் ஊற்றுத் தோண்டுகிறவர்களும் குறைந்துவிட்டார்கள். நல்லதுதான், அது யாரும் ஆசைப்பட்டுச் செய்த வேலை அல்ல. ஆனால் அவர்களோடு மணலுக்குள் கைவிட்டுப் பார்க்கிற பழக்கமும் போகிறது.

நம் கவிதையில் ஆறு வற்றிவிட்டது என்ற வரி பல்லாயிரம் முறை எழுதப்பட்டுவிட்டது. வற்றிய ஆற்றின் கீழே என்ன ஓடுகிறது, அதில் எது இருக்கிறது என்பதை எழுத, முதலில் அதன் பெயர் தெரிய வேண்டும். பெயர் இல்லாவிட்டால் அதைத் தேடிப் போகவாவது வேண்டும். நாகார்ஜுனர் சொன்னபடி பெயர் வெறும் குறியாகவே இருக்கட்டும். குறி இடப்படாத ஒன்று தொலைந்தால், தொலைந்தது என்று சொல்வதற்குக்கூட நம்மிடம் சொல் இருக்காது.